ஆதார் நகலில் கெஜட்டட் ஆபீசர் கையெழுத்து கேட்கிறார்கள். தெரிந்த அதிகாரி யாரும் இல்லை. யாரிடம் போவது?

முதலில் விண்ணப்பத்தை இன்னொரு முறை படித்துப் பாருங்கள். 'சுய சான்றொப்பம்' என்று இருந்தால் யாரிடமும் போக வேண்டாம். விண்ணப்பிப்பவரே நகலில் கையெழுத்துப் போட்டால் போதும் என்று நடைமுறையை மாற்றச் சொல்லி மத்திய அரசு 2014-லேயே தன் துறைகளையும் மாநிலங்களையும் கேட்டுக்கொண்டது. கடைசியில் அசலை எப்படியும் சரிபார்க்கத்தானே போகிறார்கள்! ஆனாலும் சில கவுன்டர்களில் பழைய பழக்கம் போகவில்லை. படிவத்தில் அந்த வரியைக் காட்டிப் பணிவாகக் கேளுங்கள், பெரும்பாலும் வாங்கிக்கொள்வார்கள்.

கையெழுத்தை முகமும் எண்ணும் மறையாத இடத்தில் போட்டு, தேதியோடு இன்ன வேலைக்காக என்றும் ஒரு வரி எழுதிவிடுங்கள். அந்த நகலை வேறொன்றுக்குப் பயன்படுத்துவது கடினமாகும்.

இல்லை, அதிகாரி கையெழுத்துதான் வேண்டும் என்றால் பக்கத்து அரசு மேல்நிலைப் பள்ளிக்குப் போங்கள். தலைமை ஆசிரியர் கெஜட்டட் அந்தஸ்து உள்ளவர். அரசு மருத்துவமனை டாக்டர், தாசில்தார் ஆகியோரும் போடலாம். விஏஓ போட முடியாது.

நான் அரசுப் பள்ளி அலுவலகத்தில் வேலை பார்த்தவன். வாசலிலேயே தயங்கி நிற்கும் பிள்ளைகளை நிறையப் பார்த்திருக்கிறேன். 'சாருக்கு எங்களைத் தெரியாதே' என்பார்கள். தெரிய வேண்டியதே இல்லை. அசலைப் பார்த்தேன், நகல் அதேபோல இருக்கிறது என்பதுதான் அந்தக் கையெழுத்துக்குப் பொருள். ஆளைத் தெரிந்திருக்க வேண்டியது நன்னடத்தைச் சான்றிதழுக்குத்தான். எங்கள் தலைமை ஆசிரியர் அசலையும் நகலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இனிஷியல், பிறந்த தேதி, கடைசி நான்கு எண் என்று விரல் வைத்துப் பார்த்துவிட்டுத்தான் பச்சை மைப் பேனாவை எடுப்பார். அப்புறம் பெயரும் பதவியும் உள்ள முத்திரை, பக்கத்தில் ரவுண்டு சீல். இதற்குக் கட்டணம் எதுவும் கிடையாது, யாராவது கேட்டால் கொடுக்காதீர்கள். அசல் இல்லாமல் மட்டும் போகாதீர்கள். பள்ளி நாளில் மதிய இடைவேளை நல்ல நேரம்.

அதிகாரி உறவினர் உள்ள வீட்டுப் பிள்ளைக்கு இது ஐந்து நிமிட வேலை. இல்லாத பிள்ளை அதற்காக ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு அலைகிறது. சுய சான்றொப்பத்தை நான் இவ்வளவு வலியுறுத்துவது அதனால்தான்.

ஆவணங்களை மின்னணு வடிவில் வைத்துக்கொள்ளும் அரசு செயலியான டிஜிலாக்கர் இருந்தால் இன்னும் எளிது. அதில் துறையே வழங்கிய ஆவணம் அசலுக்குச் சமம் என்று 2017-இல் விதியே வந்துவிட்டது. நாமே ஸ்கேன் செய்து ஏற்றிய படத்துக்கு அந்த மதிப்பு கிடையாது.

பிறப்புச் சான்றிதழ் விஷயம் வேறு. சில இடங்களில் 'சான்றிட்ட நகல்' கேட்பார்கள். ஜெராக்ஸில் யார் கையெழுத்துப் போட்டாலும் அது சான்றிட்ட நகல் ஆகாது. பிறப்பைப் பதிந்த அலுவலகமே தன் பதிவேட்டிலிருந்து எடுத்துத் தர வேண்டும்.

வெளிநாட்டுக்கு என்றால் பெரும்பாலும் நோட்டரி கேட்பார்கள், அதற்குக் கட்டணம் உண்டு. அபோஸ்டில், அதாவது நம் ஆவணத்தை வெளிநாட்டில் ஏற்பதற்கான அரசுச் சான்று கேட்டால், அது வெளியுறவு அமைச்சகத்தின் வேலை. நோட்டரி முத்திரையை வைத்து அதைச் சமாளிக்க முடியாது. எது வேண்டும் என்று கேட்கிறவர்களிடமே எழுத்தில் வாங்கிக்கொண்டு கிளம்புங்கள்.