கணக்குப் புத்தகம் யார் கையில்? வர்க்கம் குறித்த வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

நீலகிரியின் பல ஊர்களிலிருந்து வந்த கேள்விகளில், வர்க்கத்தையும் வர்க்க மோதலையும் பற்றிய ஆறு கேள்விகளை இம்முறை எடுத்துக்கொண்டிருக்கிறேன். தேயிலைத் தோட்டத் தொழிலாளர் வரலாற்றை நெடுங்காலமாகப் படித்து வருபவன் என்பதோடு, கோத்தகிரிப் பக்கத்தில், தோட்டத் தொழிலாளர்களுக்கென வரிசையாகக் கட்டிய லைன் வீடொன்றில் பிறந்து வளர்ந்தவன் என்ற உரிமையிலும் இவற்றுக்குப் பதில் எழுதுகிறேன்.

எங்கள் எஸ்டேட்டில் பங்களாவில் வாழ்பவர்களும் லைனில் வாழ்பவர்களும் இரண்டு உலகங்களாக இருக்கிறார்கள். இதைச் சாதி என்பதா, வர்க்கம் என்பதா? (கல்லூரி மாணவி, குன்னூர்)

இரண்டும் அங்கே இருக்கின்றன. ஆனால் அவை இயங்கும் விதம் வேறு. காரல் மார்க்சின் கணக்குப்படி, நிலம், ஆலை, கருவி ஆகியவை யாருடையவை, அவற்றில் உழைப்பவர் யார் என்ற உறவுதான் வர்க்கம். வருமானத்தின் அளவு அந்த உறவின் விளைவே தவிர, அதுவே வர்க்கம் ஆகிவிடாது. ஜெர்மன் சமூகவியலாளர் மாக்ஸ் வெபர் இதனோடு இன்னொன்றையும் சேர்த்தார். சந்தையில் ஒருவருக்குக் கிடைக்கும் வாய்ப்பு வேறு, சமூகம் அவருக்குத் தரும் மதிப்பு வேறு. இரண்டும் எப்போதும் சேர்ந்தே நடப்பதில்லை. 1841இல் தொடங்கப்பட்ட உதகமண்டலம் கிளப்பின் வாசலில், ஆங்கிலேயர் காலத்தில் பணம் மட்டும் நுழைவுச் சீட்டாக இருந்ததில்லை என்பதை நினைத்துப் பார்த்தால் வெபர் சொல்வது விளங்கும்.

நம் நாட்டைப் பொறுத்தவரை இவ்விருவரையும்விடக் கூர்மையாகப் பார்த்தவர் அம்பேத்கர் என்பது என் கருத்து. சாதி என்பது வேலைப் பிரிவினை மட்டுமன்று, வேலை செய்பவர்களையே பிரிப்பது என்று 1936இல் அவர் எழுதினார். தோட்டங்களில் இது எப்படி நடந்தது என்பதற்கு ஆள்சேர்ப்பு முறையே சான்று. ஆள் சேர்த்து வேலை வாங்கும் மேஸ்திரி தன் ஊரிலிருந்தும் பக்கத்து ஊர்களிலிருந்தும் ஆள் கட்டிக்கொண்டு வந்தார். வறட்சியிலும் கடனிலும் ஊரை விட்டுக் கிளம்பத் துணிந்தவர்களில் நிலமற்ற ஒடுக்கப்பட்ட சாதியினரே மிகுதி. ஊரில் சேரியில் இருந்தவர்கள் மலைக்கு வந்து லைனில் குடியேறினார்கள். வர்க்கம் அவர்களுக்குக் கூலியைத் தந்தது. எந்த லைன், எந்தக் குழாய், யார் வீட்டு வாசல் வரை போகலாம் என்பதைச் சாதி தீர்மானித்தது. ஆகவே உங்கள் எஸ்டேட்டில் ஒன்றைக் கண்டுவிட்டால் மற்றொன்றைத் தேட வேண்டியதில்லை என்று எண்ணிவிடாதீர்கள்.

வரலாற்றில் முதல் வேலைநிறுத்தம் எங்கே நடந்தது? (ஓய்வு பெற்ற தொழிற்சங்க ஊழியர், கூடலூர்)

எழுத்துச் சான்று கிடைத்தவற்றுள் மிகப் பழையது எகிப்தில் நடந்தது. கி.மு. 12ஆம் நூற்றாண்டில், மூன்றாம் ராம்சேஸ் அரசனின் 29ஆம் ஆட்சியாண்டில், அரசர்களுக்குக் கல்லறை குடைந்து ஓவியம் தீட்டிய கைவினைஞர்கள், கூலியாக வர வேண்டிய தானியம் நாள்கணக்கில் வராததால் வேலையை விட்டு வெளியேறி, கோயில் ஒன்றின் பின்புறம் உட்கார்ந்துவிட்டார்கள். பசியும் தாகமுமே தங்களை இங்கே வரவைத்தன என்றும், துணியில்லை, எண்ணெயில்லை, மீனில்லை, காய்கறியில்லை என்றும் அவர்கள் முறையிட்டதை எழுத்தர் ஒருவர் பதிந்து வைத்த பாப்பிரஸ் ஏடு, இத்தாலியின் தூரின் நகரத்து அருங்காட்சியகத்தில் இன்றும் இருக்கிறது. நிலுவை கிடைத்தது, ஆனால் மறுபடியும் தாமதம், மறுபடியும் வெளிநடப்பு என்று அது தொடர்ந்தது.

நீங்கள் சங்கத்தில் இருந்தவர் என்பதால் ஒன்றைக் குறிப்பிட விரும்புகிறேன். அவர்கள் அரசனின் செல்வத்தில் பங்கு கேட்கவில்லை. முன்பே ஒப்புக்கொண்ட படியைத்தான் கேட்டார்கள். வர்க்க மோதல்களில் மிகப் பலவற்றின் முதல் பொறி இதுதான். கீழத் தஞ்சையில் வயல் தொழிலாளர்கள் நெல்கூலியைச் சற்றே உயர்த்திக் கேட்டுச் சங்கமாகத் திரண்ட காலத்தில்தான், 1968 டிசம்பர் 25 அன்று, கீழ்வெண்மணியில் 44 பேர் ஒரே குடிசைக்குள் எரித்துக் கொல்லப்பட்டார்கள். கேட்டது நெல்லாக இருந்தாலும், யார் அளப்பது, யார் வாங்கிக்கொள்வது என்ற அதிகாரமே அங்கே ஆட்டம் கண்டது.

எனக்கு ஒன்றரை ஏக்கர் தேயிலை இருக்கிறது. சீசனில் இரண்டு பெண்களைக் கூலிக்கு வைக்கிறேன். மற்ற நாளில் நானே அடுத்தவர் தோட்டத்துக்கு வேலைக்குப் போகிறேன். நான் எந்த வர்க்கம்? (சிறு விவசாயி, கோத்தகிரி)

இந்தக் கேள்வியை நான் பல நாள் மனத்தில் வைத்திருந்தேன். நில உடைமையாளர், கூலி கொடுப்பவர், கூலி வாங்குபவர் என்று மூவரும் உங்கள் ஒருவருக்குள் இருக்கிறார்கள். சிறு உடைமையாளர் என்ற பெயர் இதற்கு உண்டு. 1852இல் பிரான்சின் சிறு விவசாயிகளைப் பற்றி எழுதிய மார்க்ஸ், ஒரே மாதிரியான வாழ்க்கை வாழ்ந்தும் ஒருவரோடொருவர் உறவு கொள்ளாத அவர்களை மூட்டையில் கட்டிய உருளைக்கிழங்குகளுக்கு ஒப்பிட்டார். உருளைக்கிழங்கு விளையும் மலையில் வாழும் நமக்கு அது உடனே விளங்கும்: மூட்டைக்குள் எவ்வளவு நெருங்கிக் கிடந்தாலும் கிழங்கு கிழங்கோடு ஒட்டுவதில்லை.

ஆனால் உங்கள் நிலையின் சிக்கல் நிலத்தின் அளவில் இல்லை; பச்சைத் தேயிலையின் இயல்பில் இருக்கிறது. நெல்லை மூட்டை கட்டி விலை வரும்வரை வைத்திருக்கலாம். கொழுந்தோ, பறித்த சில மணி நேரத்துக்குள் தொழிற்சாலைக்குப் போய்ச் சேராவிட்டால் வீணாகிவிடும். காத்திருக்க முடியாதவர் பேரம் பேச முடியாது. எடையில் ஈரத்துக்கும் முற்றிய இலைக்கும் கழிப்பது வாங்குபவர். தூளின் விலை முடிவாவது ஏலத்தில். உங்கள் இலைக்கு எவ்வளவு என்பது இதற்கெல்லாம் பிறகுதான் உங்களுக்குத் தெரிய வருகிறது. சோவியத் ஒன்றியம் 1991இல் கலைந்தபோது தென்னிந்தியத் தேயிலையின் பெரிய சந்தை ஒன்று நிலைகுலைந்தது. 1990களின் இறுதியில் விலை சரிந்தபோது, அந்தச் சரிவின் கடைசிப் பாரம் ஏலத்தையும் தொழிற்சாலையையும் கடந்து ஹட்டிகள் எனப்படும் படுகர் ஊர்களின் மேல் வந்து விழுந்தது. ஒரே ஹட்டியில் பிறந்து, படுகர் குலதெய்வமான ஒரே ஹெத்தையம்மனைக் கும்பிடும் இருவரில் ஒருவர் தொழிற்சாலை உரிமையாளராகவும் மற்றவர் இலை விற்பவராகவும் எதிரெதிரே நிற்க நேர்ந்ததையும் அப்போது பார்த்தோம். 1960களிலிருந்து வளர்ந்த கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலைகள், கிழங்குகளை ஒட்டவைக்க நம் மலையில் நடந்த பெரிய முயற்சி. குறைகள் இருந்தும் அதை நான் மதிக்கிறேன்.

ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம் என்று உரிமையோடு கேட்டுக்கொள்கிறேன். உங்கள் விலையைக் குறைத்தவர் மேல் உங்களுக்கு எவ்வளவு கோபம் இருக்கிறதோ, விலை குறைந்தது என்று கூலியைக் குறைக்கும்போது அந்த இரண்டு பெண்களுக்கும் உங்கள் மேல் அதே கோபம் வர நியாயம் உண்டு.

தொதவர், கோத்தர், படுகர், குறும்பர் ஆகியோர் பண்டமாற்றுச் செய்து வாழ்ந்த காலத்தில் இங்கே வர்க்கமே இல்லை என்கிறார்களே? (உதகை)

1848இன் கம்யூனிஸ்ட் அறிக்கையில், இதுவரை இருந்த சமுதாயத்தின் வரலாறு முழுவதும் வர்க்கப் போராட்டங்களின் வரலாறே என்று மார்க்சோடு சேர்ந்து எழுதிய எங்கெல்ஸ், 1888இல் ஓர் அடிக்குறிப்புச் சேர்த்தார்: எழுத்தில் பதிவான வரலாறு என்று அதைக் கொள்ள வேண்டும் என்பதே அது. வர்க்கமில்லாத பழைய சமுதாயங்களைப் பற்றிய ஆய்வுகள் அதற்குள் வெளிவந்திருந்தன.

நம் மலையில் தொதவர் நெய் தந்தார்கள். படுகர் தானியம் தந்தார்கள். கோத்தர் இரும்புக் கருவியும் மண்பாண்டமும் தந்து, சாவு வீட்டில் இசைக்கவும் செய்தார்கள். குறும்பர் தேனும் காட்டுப் பொருளும் கொண்டு வந்தார்கள். நிலத்தைத் தனியாக வளைத்துக்கொண்டு மற்றவரைக் கூலியாக்கியவர் எவரும் இதில் இல்லை. அந்த அளவில் வர்க்கம் இல்லை என்பது சரி. ஆனால் சமத்துவமும் இல்லை. யார் யாருக்கு முதலில் வணக்கம் செலுத்துவது, யார் தொட்டதை யார் உண்பது என்பவற்றில் மேல் கீழ் இருந்தது. சந்தையும் பணமும் வந்து, தகரப் பாத்திரமும் ஆலைக் கருவியும் கடையில் கிடைக்கத் தொடங்கிய பிறகு இந்த உறவு தளர்ந்தது. 1930களில் கோத்தருக்கும் படுகருக்கும் இடையே இசை குறித்தும் தானியம் குறித்தும் பிணக்கு முற்றி, உறவு பெரும்பாலும் அறுந்தது. பழைய ஏற்பாட்டைச் சொர்க்கமாகப் பேசுவோர், கோத்தர்களே அதிலிருந்து வெளியேறி நிலத்தில் பயிரிடுவதை விரும்பினார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

நிலப்பிரபுத்துவம் ஐரோப்பாவில் இருந்தது. நம் மலையில் அது இருந்ததா? (குடியேறிய விவசாயி, கூடலூர்)

இருந்தது, நீங்கள் உழும் மண்ணிலேயே இருந்தது. கூடலூர் வட்டாரத்தின் பெரும்பரப்பு நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்தின் ஜன்ம நிலம், அதாவது பரம்பரை உடைமை. அவர்களிடம் குத்தகைக்கு எடுத்துத் தேயிலையும் காப்பியும் வளர்த்த கம்பெனிகள் ஒருபுறம், பாட்டம் கட்டிய குடியானவர் மறுபுறம், எல்லாருக்கும் கீழே பணியர் என்ற பழங்குடியினர். வயநாட்டு வள்ளியூர்க்காவுத் திருவிழாவில் பணியர்கள் ஆண்டு முழுவதற்குமான வேலைக்கு முன்பணம் வாங்கி ஒப்பந்தமானார்கள். கொத்தடிமை முறை 1976இன் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. ஜன்ம உரிமையை ஒழிக்கும் சட்டம் 1969இல் வந்தது. அது தொடர்பான வழக்கு உச்ச நீதிமன்றத்தின் 9 நீதிபதிகள் அமர்வு வரை சென்று, சட்டங்களை நீதிமன்ற ஆய்விலிருந்து காக்கவென்று அரசியலமைப்பில் சேர்த்த ஒன்பதாம் அட்டவணை குறித்த 2007ஆம் ஆண்டுத் தீர்ப்பாக நாட்டுக்கே முன்மாதிரியாயிற்று. ஆனாலும் குத்தகை நிலங்கள் பற்றிய அந்த 1969 சட்டத்தின் 17ஆம் பிரிவு இன்றும் தீராத சிக்கலாக நிற்பதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. பிரபு போய்விட்டார், பட்டா வரவில்லை.

என் தாத்தா சிலோனில் தோட்டத்தில் இருந்தவர். அவருடைய கங்காணி எங்கள் உறவினர்தான். அவர் தொழிலாளியா, முதலாளியா? (சேரம்பாடி)

கங்காணி ஊரில் முன்பணம் கொடுத்து ஆள் சேர்த்தார். கப்பல் செலவு, அரிசி, கம்பளி என்று அந்தக் கடன் வளர்ந்தது. வேலைக்கு வந்த ஆளுக்கு இத்தனை என்று அவருக்குத் தலைக்காசும் கிடைத்தது. ஒரு கூட்டம் வேறு தோட்டத்துக்குப் போக வேண்டுமானால், அவர்கள் பட்ட கடனைத் தீர்த்து அழைத்துப்போகலாம் என்று எழுதிய ‘துண்டு’ ஒன்று கைமாறும். அதாவது, கடன் விற்கப்பட்டது. கடனோடு ஆளும் விற்கப்பட்டார். 1921இல்தான் சட்டம் இதைத் தடுத்தது. உறவினர் என்பதால் கங்காணி கல்யாணத்துக்கும் கருமாதிக்கும் வந்து நின்றார். அதே உறவினாலேயே அவரை எதிர்க்கவும் முடியவில்லை. ஆகவே பிறப்பால் அவர் உங்கள் தாத்தாவின் கூட்டம், வேலையால் தோட்டத் துரையின் கை.

கடனுக்கு உடலே ஈடு என்பது மிகப் பழைய வழக்கம். கி.மு. 594இல் ஏதென்ஸில் கடன்பட்ட குடியானவர்கள் அடிமைகளாக விற்கப்பட்டு நகரம் கலவரத்தின் விளிம்பில் நின்றபோது, சோலோன் கடன்களை ரத்துசெய்து, இனி எவர் உடலும் கடனுக்கு ஈடாகக் கூடாது என்று சட்டம் செய்தார். நிலத்தைப் பங்கிட மட்டும் அவர் மறுத்தார். சுமார் 100 ஆண்டுகள் கழித்து, கி.மு. 494இல் ரோமின் எளிய குடிமக்கள் கடன் கொடுமை தாளாமல் நகரத்தை விட்டு வெளியேறி ஒரு குன்றின் மேல் போய்த் தங்கிவிட்டதாக அந்நாட்டு வரலாறு கூறுகிறது. தங்களைக் காக்கும் தனி அதிகாரிகளைப் பெற்ற பிறகே அவர்கள் இறங்கி வந்தார்கள். உங்கள் தாத்தாவுக்கு ஏறிப்போக வேறு மலை இல்லை. 1948இல் சிலோன் குடியுரிமைச் சட்டம் அவரை நாடற்றவராக்கியது. 1964 ஒப்பந்தத்தில் 5,25,000 பேரை இந்தியா ஏற்பதென இரு அரசுகளும் அவரைக் கேட்காமலேயே எண்ணிப் பிரித்தன. அவ்வாறு தாயகம் திரும்பியோருக்காக 1968இல் தொடங்கிய அரசுத் தேயிலைத் திட்டம்தான் பின்னர் டான்டீ என்ற தமிழ்நாடு அரசுத் தேயிலைத் தோட்டக் கழகம் ஆயிற்று.

இங்கே துண்டு இல்லை. ஆனால் வீடு வேலையோடு கட்டப்பட்டிருக்கிறது. வேலை முடிந்தால் வீட்டைக் காலி செய்ய வேண்டும். என் அம்மா வேலை பார்த்த தோட்டத்தில், காய்ச்சலோடு கொழுந்து எடுத்து எடை குறைந்த ஒரு நாளில், செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டில் அவருக்கு அரைப்பேர், அதாவது அரை நாள் வேலை என்று போட்டார்கள். அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. மாதச் சம்பளத்தன்று தொகை குறைந்தபோதுதான் அது தெரிந்தது. ஏன் என்று கேட்க அவர் போனார், கணக்கைக் காட்ட யாரும் முன்வரவில்லை. 2015 செப்டம்பரில் மூணாறில் பெரும்பாலும் தமிழ்ப் பெண்களான தோட்டத் தொழிலாளர்கள், 20 சதவீதமாக இருந்த போனஸ் 10 சதவீதமானதைக் கண்டு சாலையில் அமர்ந்து, தங்கள் சங்கத் தலைவர்களையே அருகில் வரவிடாமல் தாங்களே பேச்சுவார்த்தைக்கு ஆள் அனுப்பியபோது, பழைய போனஸ் அளவுக்கு ஈடான தொகை கிடைத்தது. அந்தச் செய்தியை அம்மாவுக்கு நான் வாசித்துக் காட்டினேன். எத்தனை பேர் கணக்கைக் கேட்டார்கள் என்று அவர் விசாரித்தார். ஆயிரக்கணக்கில் என்றேன். நான் தனியாகப் போனேன் என்றார்.