வாசகர் கேள்வி பதில்: வீட்டுக்குள் ஒரு கேமரா

கேள்வி: வயதான அம்மாவுக்குப் பாதுகாப்பாக இருக்கட்டும் என்று ஹாலில் வைஃபை கேமரா வைத்தோம். இப்போது அவர் ஹாலில் உட்காருவதே இல்லை. போனிலும் அளந்து பேசுகிறார். கழற்றிவிடலாமா?

பதில்: கழற்றுமுன் இடத்தை மாற்றிப் பாருங்கள். எப்போது பார்க்கிறார்கள் என்று தெரியாதவர், எப்போதும் பார்க்கப்படுவதாகவே நடந்துகொள்வார். 18ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயத் தத்துவஞானி ஜெரமி பெந்தாம் போட்ட சிறைச்சாலைத் திட்டமே இந்தக் கணக்கில்தான் நின்றது. அம்மா கைதி இல்லையே!

முதலில் மைக்கை அணையுங்கள். பல கேமராக்களில் அது ஆன் ஆகியே வரும். வீட்டுக்கு வருபவரிடம் மனம்விட்டுப் பேச விடாமல் தடுப்பது பெரும்பாலும் அதுதான். அடுத்து, அவர் உட்காரும் நாற்காலியை விட்டுவிட்டு, குளியலறைக்குப் போகும் வழியைப் பார்க்கும்படி கேமராவைத் திருப்புங்கள். விழுந்தால் தெரிய வேண்டிய இடம் அது. படத்தில் ஒரு பகுதியை மட்டும் மூடிக் காட்டும் ‘பிரைவசி மாஸ்க்’ வசதி இருந்தால் கட்டில் பகுதியை மறைக்கலாம். சுழலும் கேமராவானால், திருப்பிய பிறகும் மாஸ்க் கட்டிலையே மறைக்கிறதா என்று சோதியுங்கள். மெமரி கார்டும் சிறியதே போதும்: விநாடிக்கு 2 மெகாபிட் வேகத்தில் இடைவிடாமல் பதிந்தால் நாளுக்குச் சுமார் 21 ஜிபி ஆகும், 64 ஜிபி கார்டு மூன்று நாளில் நிறைந்து, பழையது தானாக அழியும்.

இன்னொன்று. “மருந்து சாப்பிடலையே, பார்த்தேனே” என்று சொல்லாதீர்கள். சாப்பிட்டாரா என்று அவரிடமே கேளுங்கள். பதிலைத் திரையில் பார்த்துவிட்டுப் போன் செய்தால், பேச என்ன மிச்சம் இருக்கும்?

கேள்வி: வெளியாள் யாராவது இந்தக் கேமராவுக்குள் நுழைய முடியுமா?

பதில்: முடியும். 2016இல் மிராய் என்ற தீநிரல் (மால்வேர்), பெட்டியோடு வரும் சுமார் 60 பாஸ்வேர்டுகளை மாற்றி மாற்றிப் போட்டே லட்சக்கணக்கான கேமராக்களையும் ரவுட்டர்களையும் பிடித்தது. பாஸ்வேர்டை மாற்றுங்கள், பாஸ்வேர்டோடு இன்னொரு குறியீடும் கேட்கும் இரட்டைச் சரிபார்ப்பைப் போடுங்கள், வெளியிலிருந்து வர ரவுட்டரில் தானாக வழி திறந்துவிடும் யுபிஎன்பி (UPnP) வசதியை அணையுங்கள்.

கேள்வி: கணவரின் லொகேஷன் என் போனில் தெரிகிறது. ஆபீஸில் இருக்கிறேன் என்கிறார்; புள்ளியோ வேறு தெருவில் நிற்கிறது.

பதில்: புள்ளியை வைத்துச் சண்டை வேண்டாம். கட்டடத்துக்குள் ஜிபிஎஸ் சிக்னல் பலவீனமாகும். அப்போது போன் வைஃபையையும் செல் கோபுரத்தையும் வைத்து இடத்தை ஊகிக்கும். கோபுரக் கணக்கு சில நூறு மீட்டர், சில நேரம் அதற்கு மேலும் தவறும். பேட்டரி சேவர் ஓடினால் பழைய இடமே காட்டிக்கொண்டிருக்கும்; கடைசியாக அப்டேட் ஆன நேரத்தைப் பாருங்கள். நிரந்தரப் பகிர்வை நிறுத்திவிட்டு, இரவுப் பயணம் போன்ற தேவைக்கு வாட்ஸ்அப்பின் நேரடி லொகேஷனை அனுப்பச் சொல்லுங்கள்: 15 நிமிடம், 1 மணி, 8 மணி என்று தேர்ந்தெடுக்கலாம், நேரம் முடிந்ததும் தானே நின்றுவிடும்.