அல்ப்ஸ் மலைப் பூ வன்னியில் பூக்குமா? ரீச்சரிடம் கேளுங்கள்

கிளிநொச்சி: ரீச்சர், சுவிஸில இருந்து மாமா ஒரு மலைப்பூப் படம் அனுப்பினவர். ஓரம் ஊதா, நடு மஞ்சள். செவ்வந்தியோ?

செவ்வந்திக் குடும்பம்தான் தங்கச்சி. பெயர் அல்பைன் ஆஸ்டர். ஒரு பூ என்று நாம் பார்ப்பது உண்மையில் பூக்கூட்டம். ஓரத்து ஊதா இதழ் ஒவ்வொன்றும் தனிப் பூ, நடுவில் நெருங்கி நிற்கும் மஞ்சள் எல்லாம் குட்டிக் குழாய்ப் பூக்கள். வயல் வரம்பில் ஒரு கையாந்தகரைப் பூவைப் பிடுங்கி நகத்தால் பிரித்துப் பாருங்கள், இதே அமைப்புத்தான்.

அல்ப்ஸில் மலைப் புல்வெளியிலும் சுண்ணக்கல் இடுக்குகளிலும் வளரும். பல மாதம் பனிக்கு அடியில் கிடக்கும். அந்தப் பனியே வேரைக் கடுங்குளிர்க் காற்றிலிருந்து காக்கிறது. கோடையில் ஒரு சாண் உயரத்துக்குள்ளேயே பூத்துவிடும். நிலத்தை ஒட்டி நின்றால் காற்றடி குறைவு, வெயிலில் சூடான மண்ணின் வெதுவெதுப்பும் கிடைக்கும்.

பரந்தன்: விதை கிடைச்சால் இஞ்ச வளருமா?

நிலைக்காது தம்பி. 1000 மீற்றர் ஏற ஏறக்குறைய 6.5 பாகை வெப்பம் குறையும். நாமோ கடல் மட்டத்தை ஒட்டி இருக்கிறோம். பகலில் செய்த உணவை நம் இரவுப் புழுக்கத்தில் சுவாசித்தே செடி தீர்த்துவிடும். அனுமதியில்லாமல் விதை கொண்டுவருவதை 1999ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கத் தாவரப் பாதுகாப்புச் சட்டமும் தடுக்கிறது.

மல்லாவி: நுவரெலியாப் பக்கம்?

அங்கே பீதுருதாலகாலை மலை 2524 மீற்றர். ஆனாலும் உச்சிவரை காடு. தை, மாசியில் புல்லில் உறைபனி விழும், வெயில் ஏற உருகிவிடும். மாதக்கணக்கில் மூடிக் கிடக்கும் பனி அங்கே இல்லை.

முள்ளியவளை: விதையைப் பிரிட்ஜில வைச்சு முளைக்க வைச்சால்?

முளைக்கலாம். அதற்குப் பிறகு நடப்பது பரந்தன் தம்பிக்குச் சொன்னதுதான்.

நெடுங்கேணி: யாழ்ப்பாணத்து முந்திரிகைக் கொடியும் வெளியால வந்ததுதானே? ஒரு பூ விதைக்கு ஏன் இவ்வளவு பயம்?

முந்திரிகை பந்தலை விட்டு ஓடாது. பார்த்தீனியம் ஓடியது. அதுவும் செவ்வந்திக் குடும்பம், வெள்ளைப் பூ, அமெரிக்கக் கண்டத்துச் செடி. ஒரு செடியே ஆயிரக்கணக்கில் விதை போடும். தோல் அரிக்கும், மூச்சு இழுக்கும், தின்ற மாட்டின் பால் கசக்கும்.

நெடுங்கேணி: அது ஆடுகளோட வந்ததெண்டுதானே சொல்லுகினம்? பயணப்பெட்டியில இல்லையே.

ஆட்டோடு வந்தாலென்ன, பெட்டியில் வந்தாலென்ன? வந்தது இன்னும் போகவில்லை, அதுதான் என் வழக்கு. வவுனியாத் தெருவோரத்தைப் பாருங்கள். பூக்க முன்னம் கையுறை போட்டு வேரோடு பிடுங்குங்கள்.

ஒட்டுசுட்டான்: அந்த ஆஸ்டர் விதை எங்க வாங்கலாம்?

வேண்டாம். மேலே வாசியுங்கள்.

மாங்குளம்: மகளின்ர ஒப்படைக்கு இந்தக் குடும்பத்துப் பூ வேணும் ரீச்சர்.

குளக்கட்டடிக்குக் கூட்டிக்கொண்டு போங்கள். ஈர நிலத்தில் கையாந்தகரை நிற்கும். ஒரு பூவைப் பிரித்து வெள்ளைத்தாளில் ஒட்டச் சொல்லுங்கள், ஓரப் பூ வேறாக, நடுப் பூ வேறாக. பார்த்தீனியத்தைத் தொட விடாதீர்கள்.