பதில்: லாப்ரடாருக்குக் குரல் கம்மி மூச்சு இழுக்கிறது

அண்ணே, 12 வயசு லாப்ரடார், குரைப்பு கம்மிப்போச்சு, படியேறினா கர்ர்னு மூச்சு இழுக்குது, இருமல் மருந்து கேட்கலைன்னு எழுதியிருந்தீங்க. குரல்வளை வாதமா இருக்கலாம். வயசான லாப்ரடாருக்கு அடிக்கடி வரும். மூச்சை உள்ளே இழுக்கும்போது விலக வேண்டிய குருத்தெலும்பு, நரம்பு தளர்ந்ததால விலகாது. பின்னங்கால் நகம் தரையில உரசுதா பாருங்க, அங்கேயும் அதே தளர்ச்சி வரும். லேசா மயக்கம் கொடுத்துத் தொண்டையைப் பார்த்தாத்தான் உறுதியாகும்.

எங்க நாய் கறுப்பனுக்கும் இதேதான். பினாங்கு மதிய வெயில்ல நடக்க விட்டது என் மடத்தனம். கழுத்துப்பட்டை வேண்டாம், மார்புப்பட்டை போடுங்க, நடை விடியற்காலையில. ஈறு நீலம் பாரிச்சா ஏர்கோன் போட்ட கார்ல ஏத்தி உடனே கிளினிக் ஓடுங்க. அந்தக் குருத்தெலும்பை ஒரு பக்கம் மட்டும் இழுத்துத் தைக்கிற ஆபரேஷன் இருக்கு. ஆனா அதுக்கப்புறம் சாப்பாடு நுரையீரலுக்குள்ள போற ஆபத்து ஆயுசுக்கும் உண்டு.