ஒழுங்கை ஐயாவும் கிளினிக் டொக்டரும்

கேள்வி: அம்மாவுக்குச் சீனி வருத்தம். காலில் ஒரு புண் மூன்று கிழமையாக ஆறவில்லை. கிளினிக் டொக்டர் நிமிர்ந்தும் பார்ப்பதில்லை. எங்கள் ஒழுங்கையில் ஒரு ஐயா, என்ன படித்தவரென்று தெரியாது. அம்மாவின் கையைப் பிடித்துக் கதைத்து, முழங்கால் நோவுக்குப் பேப்பர் உறையில் குளிசை தருவார். இரண்டு நாளில் நோ பறந்துவிடும். டிவியில் ‘வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.’ பார்த்த அப்பா, “அன்புதான் மருந்து, டிகிரி இல்லை” என்கிறார். யாரிடம் காட்டுவது?
– வாசகி, உவர்மலை

பதில்: தங்கச்சி, முதலில் புண். அடுத்த கிளினிக் திகதி வரும்வரை இருக்காமல் நாளைக்கே பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிப்போங்கள். சீனியால் கால் நரம்பு மரத்தவர்களுக்குப் புண் ஆழமாய்ப் போனாலும் நோகாது. “நோகேல்லைத்தானே” என்று இருந்து விரலைப் பறிகொடுத்தவர்கள் எத்தனை பேர்!

அந்த உறையையும் கொண்டுபோங்கள். நோவைச் சட்டென்று அமத்துகிற பேரில்லாத குளிசைகளில் ஸ்டீரொயிட் கலந்திருப்பதுண்டு. அது சீனியை ஏற்றும், புண் ஆறவும் விடாது. ஐயா தருவது அதுதான் என்று நான் சொல்லவரவில்லை. என்ன குளிசையென்று உங்களுக்கே தெரியாதே, அதுதான் பயம். கனநாள் குடித்திருந்தால் டொக்டரைக் கேட்காமல் திடீரென நிறுத்தவும் வேண்டாம்.

இனி அப்பாவின் படம். 2004இல் வந்தது, எனக்கும் பிடிக்கும், பிரகாஷ்ராஜின் அந்தச் சிரிப்புக்காகவே. கமல் பரீட்சையில் கள்ளம் செய்துதான் மருத்துவக் கல்லூரிக்குள் போகிறார், சரி. யாருக்காவது மருந்து கொடுத்தா பேர் வாங்குகிறார்? கட்டிப்பிடிக்கிறார், கதை கேட்கிறார், சிரிக்கவைக்கிறார். அந்தக் கட்டிப்பிடி வைத்தியத்தால் புற்றுநோய் வந்த ஜாகிரைக் காப்பாற்ற முடியவில்லையே! படம் ஏசுவது நோயாளியை மனிசனாய்ப் பார்க்காத டொக்டரை, அவர் படித்த படிப்பை இல்லை. உங்கள் ஐயாவோ குளிசை கொடுக்கிறார்.

அவரிடம் மரியாதையாகவே கேளுங்கள்: “ஐயா, உங்கட பதிவு நம்பர் என்ன?” இங்கிலிஷ் வைத்தியமென்றால் இலங்கை மருத்துவச் சபையில் பதிவு இருக்கவேண்டும், சித்த வைத்தியமென்றால் ஆயுர்வேத மருத்துவச் சபையில். சித்த வைத்தியந்தான் வேண்டுமென்றாலும் முறையாகப் படித்தவரிடம் போகலாம். நம் திருகோணமலையில், கோணேசபுரிப் பல்கலைக்கழக வளாகத்திலேயே அது பட்டப்படிப்பு.

கிளினிக் டொக்டர்மேல் உங்கள் கோபம் நியாயம்தான். சன நெரிசல் என்பதற்காக முகம் பார்க்காமல் மருந்து எழுதுவதை நான் ஒத்துக்கொள்ளமாட்டேன். அம்மாவின் முறை வந்ததும் செருப்பைக் கழற்றிக் காலைக் காட்டி, “மூண்டு கிழமையா ஆறேல்லை டொக்டர்” என்றே கதையைத் தொடங்குங்கள். கொப்பியைப் பார்த்துக்கொண்டிருப்பவரும் அதற்கு நிமிர்வார்.

ஐயாவோடு பகைக்கவேண்டாம். பின்னேரம் வந்து அம்மாவோடு தேத்தண்ணி குடித்துக் கதைத்துவிட்டுப் போகட்டும். உறை மட்டும் வேண்டாம்.