ஈரலில் கொழுப்பா, தழும்பா? செட்டிநாட்டிலிருந்து வந்த கேள்விகளும் பதில்களும்

காரைக்குடி வட்டாரத்தில் அண்மையில் நடந்த மருத்துவ முகாமில் ஸ்கேன் எடுத்துக்கொண்ட பலர் ‘ஃபேட்டி லிவர்’ என்று எழுதிய தாளுடன் வீடு திரும்பியிருக்கிறார்கள். அவர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு, கல்லீரல் திசுக்களைப் பரிசோதித்து ஓய்வுபெற்ற நோயியல் மருத்துவன் என்ற முறையில் பதில் எழுதுகிறேன். மருந்தைத் தொடங்குவதும் நிறுத்துவதும் உங்களைப் பார்க்கும் மருத்துவரின் பொறுப்பு.

கேள்வி (தேவகோட்டை): ஐயா, எனக்கு வயது 54, சர்க்கரை நோய் உண்டு. ஸ்கேனில் ‘கிரேடு 2’ என்று வந்தது. எஸ்.ஜி.பி.டி. 40 தான், பயப்பட வேண்டாம் என்கிறார்கள். சரியா?

ஸ்கேனில் வரும் ‘கிரேடு’ ஈரலில் எவ்வளவு கொழுப்பு படிந்திருக்கிறது என்பதை மட்டுமே சொல்லும். தழும்பு, அதாவது ஃபைப்ரோசிஸ், எந்த அளவுக்கு ஏறியிருக்கிறது என்பதை அது சொல்லாது. கிரேடு 3 கொழுப்பு இருந்தும் தழும்பே இல்லாதவர்கள் இருக்கிறார்கள். கொழுப்பு குறைவாகத் தெரியும் ஈரல் தழும்பேறிச் சுருங்கியிருப்பதும் உண்டு. ஒருவரின் ஆயுளைத் தீர்மானிப்பது தழும்பின் நிலைதான். ஈரல் செல்கள் அடிபடும்போது இரத்தத்தில் கூடும் நொதியான எஸ்.ஜி.பி.டி. இயல்பாக இருப்பதும் உத்தரவாதம் ஆகாது.

உங்கள் தாளிலேயே உள்ள எண்களைக் கொண்டு ‘ஃபிப்-4’ என்ற கணக்கைச் செய்து பார்க்கலாம். வயதை எஸ்.ஜி.ஓ.டி. (இதுவும் அத்தகைய நொதிதான்) அளவால் பெருக்கி, வரும் எண்ணை, இரத்தத் தட்டணுக்களின் ஆயிரக் கணக்கிலான எண்ணிக்கையையும் எஸ்.ஜி.பி.டி.யின் வர்க்கமூலத்தையும் பெருக்கி வரும் எண்ணால் வகுக்க வேண்டும். நீங்கள் அனுப்பிய தாளில் எஸ்.ஜி.ஓ.டி. 48, தட்டணுக்கள் 1.9 லட்சம் (கணக்குக்கு 190), எஸ்.ஜி.பி.டி.யின் வர்க்கமூலம் ஏறத்தாழ 6.3. விடை சுமார் 2.16 வருகிறது. 1.3க்குக் கீழே இருந்தால் முற்றிய தழும்பு இருக்க வாய்ப்பு மிகக் குறைவு, 2.67க்கு மேல் போனால் கல்லீரல் மருத்துவரை நேராகப் பார்க்க வேண்டும். இடையில் நிற்பவர்கள், உங்களைப் போல, ஈரலின் இறுக்கத்தை அளக்கும் ‘ஃபைப்ரோஸ்கேன்’ எடுத்துக்கொள்வது முறை. வயது 65ஐத் தாண்டியவர்களுக்குக் கீழ் எல்லையை 2 என்று கொள்கிறார்கள். செலவில்லாத இந்தக் கணக்கை முகாம் நடத்துகிறவர்களே போட்டுக் கொடுத்துவிடலாம் என்பது என் நெடுநாள் ஆதங்கம்.

கேள்வி (பள்ளத்தூர்): எங்கள் ஆத்தா ஒரு சொட்டு மது தொட்டதில்லை. சிரோசிஸ் என்கிறார்கள். சொந்தபந்தம் பேசும் பேச்சைத் தாங்க முடியவில்லை.

குடித்தால்தான் சிரோசிஸ் வரும் என்ற அந்தப் பேச்சுக்கு மருத்துவத்தில் எந்த ஆதாரமும் இல்லை. நீண்ட காலச் சர்க்கரை நோய், வயிற்றுப் பருமன், ஹெபடைட்டிஸ் பி, சி வைரஸ்கள், உடலின் எதிர்ப்பாற்றலே ஈரலைத் தாக்கும் நோய்கள் என மதுவைத் தவிரப் பல வழிகளில் சிரோசிஸ், அதாவது ஈரல் முழுதும் தழும்பேறிய முற்றிய நிலை, வருகிறது. பரம்பரைக்கும் பங்கு உண்டு, ‘பி.என்.பி.எல்.ஏ.3’ என்ற மரபணுவின் ஒரு மாற்று வடிவம் ஈரலில் கொழுப்பைக் கூட்டுவதாக 2008இல் கண்டறியப்பட்டது. ஆத்தாவுக்குக் காரணம் எதுவென்று உறுதியாகத் தெரியாவிட்டால் வைரஸ் பரிசோதனைகள் இரண்டையும் கட்டாயம் செய்துவிடுங்கள்.

இதைவிட அவசரமானது அவருடைய உணவு. நம் பக்கத்தில் ஈரல் நோய் என்றதும் பத்தியம் என்று கஞ்சியும் மோருமாகக் கொடுத்து ஆளைக் கரைத்துவிடுகிறார்கள். சிரோசிஸ் நோயாளிக்கு எடையின் ஒவ்வொரு கிலோவுக்கும் நாளொன்றுக்கு 1.2 முதல் 1.5 கிராம் புரதம் தேவை. முட்டை, பருப்பு, பால் எதையும் நிறுத்தக் கூடாது. இரவு வெறும் வயிற்றோடு நெடுநேரம் கிடப்பது தசையைத் தின்னும் என்பதால் படுக்கும் முன் சிறிது உண்ண வேண்டும். வயிற்றில் நீர் கோத்திருந்தால் குறைக்க வேண்டியது உப்பை: ஊறுகாய், அப்பளம், வற்றல், கருவாடு. மூட்டுவலிக்குக் கடையில் வாங்கும் வலி மாத்திரைகள் சிறுநீரகத்தைக் கெடுத்துவிடும், வேண்டாம். ஆறு மாதத்துக்கு ஒருமுறை எடுக்கும் புற்றுநோய்க்கான வயிற்று ஸ்கேனும், உணவுக்குழாய் நாளங்கள் வீங்கியிருக்கின்றனவா என்ற சோதனையும் விட்டுப்போகக் கூடாதவை.

கேள்வி (காரைக்குடி, கல்லூரி மாணவர்): தழும்பு உண்டாவது எப்படி? ஒருமுறை வந்தால் மாறாது என்று படித்தேன்.

தம்பி, அது பழைய பாடம். ஈரலின் நுண்ணிய இரத்த வழிகளின் சுவர் சாதாரண நாளங்களைப் போல மூடியதன்று. சல்லடை போலத் துளைகள் கொண்டது. இரத்தத்தில் வரும் பொருள்கள் அந்தத் துளைகள் வழியே ஈரல் செல்களை அடைகின்றன. சுவருக்கும் செல்களுக்கும் இடையே உள்ள மெல்லிய இடைவெளியில், வைட்டமின் ஏ-யைக் கொழுப்புத் துளிகளாகச் சேமித்துக்கொண்டு விண்மீன் வடிவச் செல்கள் அமைதியாக இருக்கின்றன. கூப்ஃபர் என்ற ஜெர்மானியர் 1876இல் இவற்றை விவரித்தார்.

மதுவாலோ வைரஸாலோ மிகைக் கொழுப்பாலோ ஈரல் செல்கள் தொடர்ந்து அடிபடும்போது, சுற்றியுள்ள செல்கள் டி.ஜி.எஃப்.-பீட்டா முதலிய சமிக்ஞைப் புரதங்களை வெளியிடுகின்றன. அவற்றால் தூண்டப்பட்ட விண்மீன் செல்கள் தம் வைட்டமின் சேமிப்பை இழந்து, பெருகி, சுருங்கும் தன்மை பெற்று, தழும்பாகும் கொலாஜன் என்ற புரத நாரைக் கொட்டத் தொடங்குகின்றன. அதே நேரத்தில், நாரைக் கரைக்கும் நொதிகளைத் தடுக்கும் புரதங்களையும் அவையே சுரக்கின்றன. சுவரின் துளைகள் அடைபட, ஈரல் வழியே இரத்தம் செல்வது கடினமாகி, குடலிலிருந்து வரும் பெருநாளத்தில் அழுத்தம் ஏறுகிறது. மண்ணீரல் வீங்குவதும் தட்டணுக்கள் குறைவதும் வயிற்றில் நீர் கோப்பதும் இதன் விளைவுகளே.

காரணம் நீங்கினால் இந்தப் போக்கு திரும்பும். எலிகளில் செய்து 2012இல் வெளியான ஆய்வுகளின்படி, தூண்டப்பட்ட செல்களில் ஏறத்தாழப் பாதி மடிகின்றன. எஞ்சியவை பழைய அமைதி நிலைக்கு நெருங்கி வருகின்றன, ஆனால் மறுபடி அடிபட்டால் முன்னிலும் விரைவாகச் சீறுகின்றன. மனிதரிலும் சான்று உண்டு. டெனோஃபோவிர் மாத்திரையை ஐந்து ஆண்டுகள் எடுத்த ஹெபடைட்டிஸ் பி நோயாளிகளின் திசுச் சோதனை முடிவுகள் 2013இல் வெளிவந்தன. தொடக்கத்தில் சிரோசிஸ் இருந்த 96 பேரில் 71 பேருக்கு அது மறைந்திருந்தது. ஆயினும் நெடுநாள் ஊறி, நார்கள் ஒன்றோடொன்று பிணைந்து தடித்துவிட்ட தழும்பு எளிதில் கரைவதில்லை.

கேள்வி (கானாடுகாத்தான்): அப்படியானால் தழும்பையே கரைக்கும் மருந்து வந்துவிட்டதா?

நாரை நேரடியாகக் குறிவைத்த மருந்துகள் இதுவரை ஏமாற்றத்தையே தந்திருக்கின்றன. நார்களைப் பிணைக்கும் நொதியைத் தடுத்த சிம்டுசுமாப், செல் அழிவைத் தடுக்க முயன்ற செலோன்செர்டிப் இரண்டுமே பெரிய சோதனைகளில் தோற்றன. வென்றவை எல்லாம் மூல காரணத்தைத் தொட்டவை. கொழுப்பு ஈரல் நோயில் நடுத்தர, முற்றிய தழும்பு உள்ள, ஆனால் சிரோசிஸ் வராதவர்களுக்கு ரெஸ்மெட்டிரோம் என்ற மருந்தை அமெரிக்கா 2024 மார்ச்சில் அனுமதித்தது. அதன் சோதனையில் தழும்பு ஒரு படியாவது குறைந்தவர்கள், மருந்தின் அளவைப் பொறுத்து, 24 முதல் 26 விழுக்காடு. போலி மாத்திரை எடுத்தவர்களில் 14 விழுக்காடு. சர்க்கரை நோய்க்கும் எடைக் குறைப்புக்கும் போடும் செமாக்ளுடைட் ஊசிக்கு 2025இல் அதே அனுமதி கிடைத்தது.

இந்த எண்களோடு எடைக் குறைப்பை ஒப்பிட்டுப் பாருங்கள். 2015இல் வெளியான ஓர் ஆய்வில், உடல் எடையில் 10 விழுக்காடோ அதற்கு மேலோ குறைத்தவர்களில் ஏறத்தாழ 45 விழுக்காட்டினருக்குத் தழும்பு குறைந்தது. அவ்வளவு குறைத்தவர்கள் மிகச் சிலரே என்பதையும் சேர்த்துச் சொல்லிவிட வேண்டும்.

கேள்வி (காரைக்குடி, ஓர் ஆச்சி): நம் காரச் சமையல் ஈரலைக் கெடுக்குமா? பலகாரம் விடத்தான் வேண்டுமா?

மிளகும் மிளகாயும் ஈரலைக் கெடுப்பதில்லை, ஆச்சி. கெடுப்பது சர்க்கரையும் மைதாவும் தட்டு நிறைந்த சோறும். கந்தரப்பமும் உக்காரையும் விசேஷ நாளோடு நிற்கட்டும். கவுனி அரிசி நல்லதுதான், ஆனால் சர்க்கரையும் நெய்யும் சேர்த்துக் கிண்டிவிட்டு மருந்து என்று சொல்லக் கூடாது. சர்க்கரை போடாத காபி குடிப்பவர்களிடம் தழும்பு குறைவாக இருப்பதைப் பல ஆய்வுகள் காட்டியுள்ளன.

கேள்வி (புதுவயல்): கீழாநெல்லியும் சீந்தில் கொடியும் சாப்பிடுகிறேன். தொடரலாமா?

கீழாநெல்லி ஹெபடைட்டிஸ் பி-யை நீக்குவதாகச் சென்னை ஆய்வாளர்கள் 1988இல் ‘லான்செட்’ இதழில் எழுதியது உலகக் கவனம் பெற்றது. பின்னர் நடந்த ஆய்வுகள் அதை உறுதிப்படுத்தவில்லை. சீந்திலை நிறுத்திவிடுங்கள். கொரோனாக் காலத்தில் அதை உண்டவர்களுக்கு ஈரல் அழற்சி வந்ததை இந்திய மருத்துவர்கள் பதிவுசெய்திருக்கிறார்கள். ஏற்கெனவே தழும்பேறிய ஈரல் அந்த அடியைத் தாங்காது.

கேள்வி (குன்றக்குடி): சிங்கப்பூர் வேலைக்கான மருத்துவச் சோதனையில் ஹெபடைட்டிஸ் பி என்று வந்தது. மாத்திரை உடனே தொடங்க வேண்டுமா?

எல்லோருக்கும் தேவைப்படாது. வைரஸின் அளவு, எஸ்.ஜி.பி.டி., தழும்பின் நிலை மூன்றையும் பார்த்தே முடிவுசெய்வார்கள். தொடங்கிய பிறகு நீங்களாக நிறுத்தினால் நோய் திடீரென்று பொங்கி உயிருக்கே ஆபத்தாகலாம். 2018இல் தொடங்கிய தேசிய வைரஸ் ஹெபடைட்டிஸ் கட்டுப்பாட்டுத் திட்டத்தின்கீழ் மருந்து இலவசம். சிவகங்கை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் விசாரியுங்கள். மனைவி, பிள்ளைகள், உடன்பிறந்தோர் அனைவரும் சோதித்துக்கொண்டு, தொற்று இல்லாதவர்கள் தடுப்பூசி போட்டுக்கொள்ள வேண்டும்.

கேள்வி (தேவகோட்டை): ஃபைப்ரோஸ்கேனுக்கு எப்படித் தயாராக வேண்டும்?

மூன்று மணி நேரமாவது எதுவும் உண்ணாமல் போங்கள். சாப்பிட்டவுடன் எடுத்தால் ஈரல் இறுக்கமாகத் தெரியும். காமாலை இருக்கும்போதும் அப்படித்தான். இறுக்கத்தைக் காட்டும் எண் 8 கிலோபாஸ்கலுக்குக் கீழே இருந்தால் பெரும்பாலும் கவலையில்லை. 12க்கு மேல் முற்றிய தழும்பை நினைக்க வேண்டும். இடைப்பட்ட எண் ஒன்றைப் பார்த்து யாரும் சிரோசிஸ் என்று முடிவுகட்டினால், வெறும் வயிற்றில் மறுமுறை எடுத்துப் பார்க்கும்படி கேளுங்கள்.