அமாவாசை ஒளி: ஒரு கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஒரு மிகைபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் வரும் கற்பனை நாட்டில், அமாவாசைதோறும் ஒரு சதுப்புநிலத்தில் நீல ஒளி எழும். ஏன் என்று யாருக்கும் தெரியாது. அதைப் படித்துப் பார்த்த நண்பர்கள், 'மர்மமே இல்லை, ட்யூப்லைட் போட்ட மாதிரி இருக்கிறது' என்கிறார்கள். காரணத்தைச் சொல்லிவிடலாமா? சொன்னால் மர்மம் போய்விடாதா? முதல் மூன்று அத்தியாயங்களை இணைத்திருக்கிறேன்.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

காரணத்தை வாசகரிடம் சொல்ல வேண்டியதில்லை. உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். உங்கள் ஒளி முதல் அத்தியாயத்தில் படகைத் துரத்துகிறது, இரண்டாவதில் அசையாமல் நிற்கிறது, மூன்றாவதில் ஓர் ஆளையே எரிக்கிறது. இஷ்டத்துக்கு நடந்துகொள்ளும் ஒன்றின்மேல் வாசகருக்கு ஆர்வம் வராது. ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி நடந்துகொண்டு, ஏன் என்பதற்கு மட்டும் பிடிகொடுக்காமல் இருப்பதுதான் மனதைக் குடையும். நார்வேயில் ஹெஸ்டாலன் என்று ஒரு பள்ளத்தாக்கு. அங்கே தோன்றும் ஒளிகளை ஆராய 1983இல் ஒரு திட்டம் தொடங்கியது. 1998இல் தானியங்கி நிலையமும் வைத்தார்கள். எல்லோரும் ஒப்புக்கொள்ளும் விளக்கம் இன்னும் கிடைக்கவில்லை.

இப்போது உங்கள் வரி ஒன்று: "நீலப் பேரொளி சதுப்பை மூழ்கடித்தது, தொலைவில் நின்ற இளவரசியின் செம்பட்டு தகதகத்தது." ட்யூப்லைட் வந்த இடம் இதுதான். நீல ஒளியில் சிவப்புத் துணி கறுப்பாகத்தான் தெரியும்; திருப்பி அனுப்ப அந்த ஒளியில் சிவப்பே கிடையாது. வெளிச்சம் மிகக் குறைந்தால் நம் கண்ணுக்கும் நிறம் பிடிபடாது, அதிலும் முதலில் இருண்டுபோவது சிவப்பு. இன்னொன்று, தெரிகிற வெளிச்சம் வேறு, பிறவற்றைத் தெரியவைக்கிற வெளிச்சம் வேறு. நல்ல இருட்டில் ஒரு மெழுகுவத்தி இரண்டு கிலோமீட்டருக்கு அப்பாலும் புள்ளியாகத் தெரியும். ஆனால் தூரம் பத்து மடங்கானால் வெளிச்சம் நூறில் ஒரு பங்காகிவிடும். பத்தடி தள்ளி இருக்கும் முகத்தைக்கூட அது சரியாகக் காட்டாது. எனவே வரியை இப்படி மாற்றிப் பாருங்கள்: "அவள் நின்றது தெரியவில்லை. கணுக்காலைச் சுற்றி மட்டும் நீர் பூத்துப் பூத்து அணைந்தது."

நீர் பூப்பது என்று எழுதியதற்குக் காரணம் உண்டு. உங்கள் ஒளிக்குப் பொருந்தும் மூலம் உயிரொளிதான். கடலில் சில ஒற்றைச் செல் உயிரிகள், தண்ணீர் கலங்கினால் மின்னும். ஒரு மின்னல் ஏறத்தாழ பத்தில் ஒரு நொடி. நிறம் நீலம், சூடு கிடையாது. ஒரே இடத்தை மறுபடி மறுபடி கலக்கினால் ஒளி மங்கிக்கொண்டே போகும். பாக்டீரியாவின் ஒளி வேறு வகை: கூட்டம் பெருகினால்தான் வரும், வந்தால் விடாமல் எரியும். 1995 ஜனவரியில் சோமாலியாவுக்கு அப்பால் 15,000 சதுர கிலோமீட்டருக்கு மேல் கடல் பால்போல் ஒளிர்ந்ததைச் செயற்கைக்கோள் படங்களில் பிறகு கண்டுபிடித்து 2005இல் வெளியிட்டார்கள். உங்களுக்கு வேண்டியது முதல் வகை. அது கால் வைத்தவரைக் காட்டிக்கொடுக்கும்.

ஆனால் அந்த மின்னும் உயிரிகள் உப்புநீர்க்காரர்கள். உங்கள் சதுப்போ மலையடிவாரத்து நன்னீர். அதைக் கழிமுகத்துக்கு மாற்றிவிடுங்கள், அமாவாசைக்கும் விடை கிடைத்துவிடும். அமாவாசையிலும் பௌர்ணமியிலும் ஓதம் மிகுதியாக ஏறும். அந்த நாட்களில்தான் கடல்நீர் உங்கள் சதுப்பின் உள்மடை வரை வருகிறது என்று வையுங்கள். பௌர்ணமியன்றும் ஒளி இருக்கிறது, நிலவு அதை விழுங்கிவிடுகிறது. இதை எந்தப் பாத்திரமும் சொல்ல வேண்டாம். மேகம் மூடிய ஒரு பௌர்ணமியில் கிழவி ஒருத்தி வாய்க்காலில் கைவிட்டு, நீலம் கண்டு திகைத்தால் போதும். எனக்கு இந்த நாவலில் மிகவும் பிடித்த காட்சியாக அதுதான் இருக்கும்.

ஆள் எரியும் காட்சியை எடுத்துவிடுங்கள், குளிர்ந்த ஒளி எரிக்காது. சுடும் ஒளிதான் வேண்டுமென்றால் மின்சாரத்துக்குப் போக வேண்டும். அது இடிமழையோடு வரும், அமாவாசைக் கணக்கெல்லாம் பார்க்காது.

துரத்தி வரும் வீரர்கள் கையில் பந்தம் கொடுத்திருக்கிறீர்கள். அதை அப்படியே விடுங்கள். கண் இருட்டுக்கு முழுதாகப் பழக இருபது முப்பது நிமிடம் ஆகும், பந்தத்தைப் பார்த்த நொடியில் அது கெட்டுவிடும். இளவரசி கால் வைக்கும் இடமெல்லாம் நீர் மின்னி அணைய, அவர்கள் ஒன்றும் காணாமல் நிற்பார்கள். பந்தங்களை அணைக்கச் சொல்பவன் யார், அந்த அரை மணி நேரத்தில் அவள் எவ்வளவு தூரம் போயிருப்பாள் என்பதை நான்காம் அத்தியாயத்துக்கு முன் முடிவு செய்துகொள்ளுங்கள்.